கலர் அக்கா கலக்கிய சாஸ்

கலர் அக்காவுக்குச் சமைக்க வராது. இது ஊரறிந்த விஷயம். அவள் கணவர் சொல்வார், நாத்தனார் சொல்வாள், எதிர்வீட்டுத் தையல்காரர் சொல்வார். யாரும் சொல்லாவிட்டால் அவளே சொல்லிச் சிரிப்பாள். கல்யாணமான முதல் மாதத்திலேயே மூன்று பாத்திரங்களை அடிபிடிக்க வைத்து, தேய்த்துத் தேய்த்துக் கை ஓய்ந்து, கடைசியில் தூக்கிப் போட்டவள். பால் காய்ச்சச் சொன்னால், பொங்கி வழிகிற பாலைப் பார்த்துக்கொண்டே நிற்பாள். நீலச் சுடரில் பால் பட்டு அது மஞ்சளாக மாறுகிற அழகில் அவளுக்குக் கையும் ஓடாது காலும் ஓடாது. நாலாவது பாத்திரத்தோடு மாமியார் பெரிய கும்பிடாகப் போட்டுவிட்டார். கல்யாணமே வேண்டாம் என்று அண்ணனோடு இருந்துவிட்ட நாத்தனாரின் கைக்கு அன்று போன கரண்டி, இருபத்திரண்டு வருஷமாக அங்கேயேதான் இருந்தது.

ஆனால் அக்காவின் கைக்கு வேறொரு வித்தை தெரியும். கடைத்தெருப் பெயின்ட் கடையின் பின்பக்கத்து அறையில் நிறம் கலக்கும் மேசை அவளுடையது. ஷேடு கார்டில் இருக்கும் நிறத்தை மெஷினே கலந்துவிடும். கார்டில் இல்லாததெல்லாம் அக்காவிடம் வரும். பெயர்ந்து விழுந்த சுவர்ச் செதிலைக் காகிதத்தில் மடித்துக் கொண்டு வருவார்கள், சட்டைப் பொத்தானைக் கொண்டு வருவார்கள். ஒரு மனிதர் தன் பழைய காரின் கைப்பிடியையே கழற்றிக்கொண்டு வந்து நின்றார். அக்கா அதை வாசல் வெயிலில் திருப்பித் திருப்பிப் பார்ப்பாள். பிறகு வெள்ளைப் பெயின்டில், ஸ்டெயினர் என்று சின்னக் குப்பிகளில் வரும் அடர்ந்த சாயத்தைச் சொட்டுச் சொட்டாக விட்டுக் கலக்குவாள். சரியாக வந்ததும் நீள நோட்டில் ஒரு எண் போட்டு, அடியில் என்ன, எந்தச் சாயம் எத்தனை சொட்டு, எந்த இடத்துக்கு என்று எழுதிவைப்பாள். இந்தக் கதை ஆரம்பிக்கும்போது நோட்டில் நாலாயிரம் நிறங்கள் இருந்தன.

அவள் கணவரை எல்லோரும் கப்பல்காரர் என்றுதான் கூப்பிடுவார்கள். சரக்குக் கப்பலில் பதினாறு வருஷம் சமையல்காரராக இருந்தவர். முழங்கால் மக்கர் செய்ததும் கரைக்கு வந்து, வீட்டு முன்னறையில் நாலு மேசை போட்டு ஒரு கட்லெட் கடை வைத்தார். ஒரே ஒரு பண்டம்தான். எலும்பில்லாத கோழி நெஞ்சுக்கறியைத் தட்டிப் பரப்பி, மாவிலும் முட்டையிலும் ரொட்டித்தூளிலும் புரட்டி, எண்ணெயில் மொறுமொறுவென்று பொரித்து, விரல் அகலத்துக்கு நறுக்கி, முடிமுடியாக அரிந்த முட்டைக்கோஸோடு தட்டில் வைத்துத் தருவார். கப்பலில் கூட இருந்த ஒரு ஜப்பான்காரரிடம் கற்றுக்கொண்டது. பக்கத்தில் ஒரு கிண்ணத்தில் அந்தச் சாஸ் இருக்கும். கறுத்த பழுப்பு நிறம், கூழை விடக் கொஞ்சம் இளகிய பதம், இனிப்பும் புளிப்பும் ஒன்றையொன்று விட்டுக்கொடுக்காத ருசி. வந்தவர்கள் கட்லெட்டுக்காக வந்தார்கள் என்று கப்பல்காரர் நினைத்துக்கொண்டிருந்தார். உண்மையில் பாதிப் பேர் அந்தக் கிண்ணத்துக்காகத்தான் வந்தார்கள்.

வம்பும் அந்தக் கிண்ணத்தில்தான் இருந்தது. கடை திறந்த முதல் வாரம், ஜப்பானில் போய்ப் படித்துவிட்டு வந்த பல் டாக்டர் ஒருவர் சாஸைத் தொட்டு நாக்கில் வைத்துவிட்டு அசந்து போனார்.

“இந்த சாஸ் எங்க சார் வாங்குறீங்க?”

“வாங்குறதா? நானே செய்யுறது, டாக்டர்!”

சட்டென்று வாயில் வந்த பொய். வயிற்றுப் பிழைப்புக்காக வந்ததுகூட இல்லை, வெறும் பெருமைக்காக வந்தது. கப்பலில் இன்னும் வேலை பார்க்கிற ஒரு நண்பர் மூன்று மாதத்துக்கு ஒரு முறை பெட்டியில் பாட்டில் பாட்டிலாகக் கொண்டு வந்து கொடுப்பார். அதைத் தண்ணீரில் ஊறவைத்து லேபிளைச் சுரண்டுவது நாத்தனாரின் வேலை. மூன்று வருஷம் இந்த நாடகம் ஓடியது. அக்காவுக்குப் பிடிக்கவில்லை. ஒரு நிறத்தைத் தான் கலக்காமல் கலந்தேன் என்று அவள் சொன்னதே கிடையாது. ஆனாலும் கடை வாசலில் நின்று புருஷனைக் காட்டிக்கொடுக்க யாருக்கு மனசு வரும்?

பிறகு அந்த நண்பர் கப்பல் வேலையை விட்டுவிட்டார். பாட்டில் வருவது நின்றது. உள்ளூர்க் கடைகளில் கிடையாது; வெளியிலிருந்து வரவழைத்தால் ஒரு மாதத்துக்கு மேல் ஆகும் என்றார்கள். அலமாரியில் ஒன்றரை பாட்டில் மிச்சம் இருந்த நாளில் பல் டாக்டர் சந்தோஷமாக ஓடி வந்தார்.

“எங்க பேராசிரியை ஜப்பான்லேர்ந்து வர்றாங்க! அடுத்த வாரம் இல்ல, அதுக்கு அடுத்த ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் இங்கதான் சாப்பாடு. கையால சாஸ் செய்யுறவர் ஒருத்தர் இருக்கார்னு சொன்னேன். நம்பவே மாட்டேங்குறாங்க. அவங்க ஊர்லயே இப்ப எல்லாரும் பாட்டில்தானாம். நீங்க எப்படிச் செய்யுறீங்கன்னு அவங்களே கேக்கணுமாம்!”

கப்பல்காரர் சிரித்தார். அந்தச் சிரிப்பைத் துண்டால் துடைத்துக்கொண்டு உள்ளே வந்தவர், முக்காலியில் அப்படியே உட்கார்ந்துவிட்டார்.

“மாட்டிக்கிட்டேன். பாட்டில் சாஸ்னு ஒரு வாய்லயே கண்டுபிடிச்சிடுவாங்க. டாக்டர் மூஞ்சில எப்படி முழிப்பேன்? இந்தத் தெருவுல எப்படி நடப்பேன்? கடைய மூடிட்டு எங்கயாவது போயிட வேண்டியதுதான்.”

“மூணு வருஷமா நான் சுரண்டின லேபிளுக்கெல்லாம் இப்பத்தான் பதில் சொல்லுற நேரம் வந்திருக்கு, அண்ணே,” என்றாள் நாத்தனார். அவள் நாக்குக்கு எப்போதும் சாணை பிடிக்க வேண்டியதில்லை.

இரண்டு நாளில் ஏழு தடவை செய்து பார்த்தார். தக்காளி கெச்சப், சோயா சாஸ், வினிகர், சர்க்கரை என்று கைக்கு வந்ததை ஊற்றினார். புளித்தால் சர்க்கரை, இனித்தால் வினிகர், இரண்டும் தூக்கலானால் உப்பு. ஒரே நேரத்தில் நாலு சாமானைப் போட்டுவிட்டு எது கெடுத்தது என்று தெரியாமல் விழித்தார். ஏழாவது தடவை பானை நிறைய வந்ததைத் தெரு நாய்கூட முகர்ந்துவிட்டுப் போய்விட்டது.

“நான் பாக்கட்டுமா?” என்றாள் அக்கா.

அந்தக் கவலையிலும் அண்ணனும் தங்கையும் சிரித்தார்கள். “அண்ணி, நீங்க அடுப்புப் பக்கம் வந்தா நான் வாசப்பக்கம் போயிடுவேன், இப்பவே சொல்லிட்டேன்!” என்றாள் நாத்தனார். கணவர், “விளையாடாத. நானே நொந்து போயிருக்கேன்,” என்றார்.

எத்தனையோ தடவை கேட்டுச் சிரித்த கிண்டல்தான். அன்றைக்கு அது அக்காவுக்குச் சுருக்கென்று தைத்தது. பாட்டிலிலிருந்து அரை டம்ளர் சாஸை ஊற்றி எடுத்துக்கொண்டு கொல்லைப்பக்கத்து மேசைக்குப் போய்விட்டாள்.

அங்கே அவள் செய்தது, பெயின்ட் கலக்குகிறவர்களைத் தவிர உலகத்தில் வேறு யாரும் செய்யாத தப்பு. முதலில் நிறத்தைப் பிடித்தாள். வெள்ளை அட்டையில் பாட்டில் சாஸை ஒரு தீற்று தீற்றினாள். பக்கத்தில் கெச்சப்பும் சோயாவும் கொஞ்சம் காப்பித்தூளும் கலந்து தன்னுடையதைத் தீற்றினாள். காய விட்டாள், வெயிலில் பார்த்தாள், இன்னும் இரண்டு சொட்டு சோயா விட்டாள். ஒரு மணி நேரத்தில் இரண்டு தீற்றுக்கும் இம்மியும் வித்தியாசம் இல்லை. வெற்றியோடு கொண்டு வந்து நீட்டினாள். கணவருக்கே எது எது என்று தெரியவில்லை. அவர் முகம் மலர்ந்துவிட்டது. நாத்தனார் விரலால் தொட்டு வாயில் வைத்தாள். கண்ணை மூடினாள். நேராகத் தொட்டிக்குப் போய்த் துப்பினாள்.

“சுவத்துக்கு அடிக்கலாம், அண்ணி. ரெண்டு கோட்டு அடிச்சா நல்லாவே இருக்கும். வாயில மட்டும் வெச்சிடாதீங்க.”

மறுநாள் பெயின்ட் கடையில் அக்காவுக்கு யாரோடும் பேசப் பிடிக்கவில்லை. அந்த நேரம் பார்த்து ஒரு மேஸ்திரி, அவள் முந்தின நாள் கொடுத்த பச்சை சரியில்லை என்று சண்டைக்கு வந்தார்.

“டப்பால ஒரு மாதிரி இருக்கு, சுவத்துல வேற மாதிரி இருக்கு!”

“எப்பப் பாத்தீங்க?”

“அடிச்ச உடனேதான்.”

“ஈரத்துல பாத்தா எந்த நிறமும் பொய்தாங்க சொல்லும். காயட்டும், நாளைக்குப் பாருங்க. அப்புறம், உங்க சுவத்துக்கு அடியில என்ன வெள்ளை இருக்குன்னு பாத்தீங்களா? அடி தெரியாம மேல எத்தனை சொட்டு விட்டாலும் ஒட்டாது.”

சொல்லிவிட்டு அக்கா அப்படியே நின்றாள். இருபத்திரண்டு வருஷமாக ஊருக்கெல்லாம் உபதேசம் செய்கிறவள், வீட்டில் அடியைப் பார்க்காமல் மேல்நிறத்தை அல்லவா பிடித்திருக்கிறாள்! அவளுக்குத் தன் மேலேயே கோபம் வந்தது, அதோடு கூடவே ஒரு குஷியும் வந்தது.

தெரியாத நிறம் வந்தால் அக்கா அதை நிறைய வெள்ளையில் ஒரு துளி விட்டு வெளுக்கவைப்பாள். வெளுத்தால்தான் உள்ளே ஒளிந்திருக்கும் சிவப்பும் நீலமும் வெளியே வரும். அன்று மாலை வீட்டுக்கு வந்ததும் பாட்டில் சாஸில் ஒரு கரண்டியை ஒரு கண்ணாடி டம்ளர் வெதுவெதுப்பான தண்ணீரில் கரைத்து, மிடறு மிடறாகக் குடித்தாள். கட்டியாக இருந்தபோது எல்லாம் சேர்ந்து நாக்கை அடித்த ருசிகள், இப்போது வரிசையில் நின்று ஒவ்வொன்றாக வந்தன. முதலில் வினிகரின் வெட்டுப் புளிப்பு. அதன் பின்னால் அதட்டாத ஒரு பழப் புளிப்பு. பிறகு சோயாவின் உப்பு, கிராம்பு வாசனை. கடைசியில், விழுங்கின பிறகு, தொண்டையில் தங்குகிற ஒரு கசப்பும் இனிப்பும். அது மட்டும் என்னவென்று பிடிபடவில்லை.

மிச்சத் தண்ணீரைப் புது நைலான் துணியில் வடிகட்டினாள். துணியில் சக்கை தங்கியது. முகர்ந்தாள்: ஆப்பிள், கூடவே வெங்காயம். ஜன்னல் வெளிச்சத்தில் பார்த்தாள்: ஆரஞ்சுப் புள்ளிகள், அது கேரட். கூடவே பழுப்புப் புள்ளிகளும் இருந்தன. அந்தப் பழுப்பு எந்தக் காய்க்கும் கிடையாது. நோட்டின் பின்பக்கத்தில் எல்லாவற்றையும் எழுதி, பழுப்புக்கு நேராகக் கேள்விக்குறி போட்டாள்.

அன்றிலிருந்து தினமும் வேலைக்குப் போகும் முன் ஒரு மணி நேரம் அடுப்பு அவளுக்கு என்று தகராறு செய்து வாங்கினாள். நாத்தனார் சொன்னபடியே வாசலில் போய் உட்கார்ந்தாள், ஆனால் கதவைத் திறந்துவைத்துக்கொண்டு. ஆப்பிளையும் கேரட்டையும் வெங்காயத்தையும் வேகவைத்து அரைத்ததுதான் அடி. அதை எட்டு டம்ளரில் பிரித்து, மருந்துக் குப்பியின் சொட்டுக்குழாயால் ஒவ்வொன்றில் ஒவ்வொன்றை மட்டும் விடுவாள்: இதில் வினிகர், இதில் சோயா, இதில் அரைத்த பேரீச்சை. டம்ளருக்கு எண் போடுவாள். சூட்டோடு ருசி பார்க்கவே மாட்டாள். ஃபிரிட்ஜில் வைத்துவிட்டு, மறுநாள் காலை கட்லெட் துண்டில் தொட்டுத்தான் பார்ப்பாள்.

“கரண்டியில நக்கிப் பாத்தா என்னவாம்?” என்றார் கணவர்.

“டப்பாவுல பாத்து யாராவது சுவத்துக்கு நிறம் சொல்வாங்களா? தொட்டுக்கிறதுக்குத்தானே சாஸு? தொட்டுத்தான் பாக்கணும்.”

பதினாறு வருஷச் சமையலில் கப்பல்காரருக்கு அது தோன்றியதில்லை.

எட்டாவது நாளுக்குள் எல்லாம் வந்துவிட்டது, அந்தக் கடைசி ருசியைத் தவிர. ஒன்பதாவது நாள் வெங்காயத்தை வேகவைக்காமல் வதக்கிப் பார்க்கலாம் என்று வாணலியில் போட்டாள். அந்த நேரம் கடை முதலாளி போனில் கூப்பிட்டு, பள்ளிக்கூடத்துக்குக் கொடுத்த சாம்பல் நிறத்தில் கறுப்பு எத்தனை சொட்டு என்று கேட்டார். அக்கா நோட்டை எடுத்து வந்து விலாவாரியாகச் சொல்லி முடிப்பதற்குள் வீடெல்லாம் தீய்ந்த வாடை.

வாசலிலிருந்து குரல் வந்தது. “ஆரம்பிச்சாச்சா, அண்ணி? பாத்திரத்த அப்படியே வெளியில போட்டுடுங்க!”

அக்காவுக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. வாணலியைத் தொட்டிக்குக் கொண்டு போனாள். கவிழ்க்கப் போனவளின் கை நின்றது. ஓரமெல்லாம் கரி. ஆனால் நடுவில், கரிக்கும் பொன்னிறத்துக்கும் இடையில், ஒரு விரல் அகலத்துக்கு ஒரு பழுப்பு. அந்தப் பழுப்பை அவளுக்குத் தெரியும். ஓடிப் போய்க் காயவைத்திருந்த நைலான் துணியைக் கொண்டு வந்து பக்கத்தில் வைத்துப் பார்த்தாள். துணியில் இருந்த புள்ளியும் வாணலியில் இருந்த வெங்காயமும் ஒரே நிறம்.

கரண்டி நுனியில் அந்தப் பழுப்பை மட்டும் எடுத்து வாயில் போட்டாள். தொண்டையில் கசப்பும் இனிப்பும் வந்து உட்கார்ந்தது.

“கிடைச்சிடுச்சு!” என்று அவள் போட்ட சத்தத்தில், நெருப்புப் பிடித்துவிட்டது என்று நினைத்துத் தையல்காரர் ஒரு வாளித் தண்ணீரோடு ஓடி வந்துவிட்டார்.

அடிபிடிக்க வைப்பதில் அந்த வீட்டில் அவளை மிஞ்ச ஆள் ஏது? இனி வேண்டியதெல்லாம், அடிபிடிப்பதற்கு ஒரு நூல் முன்னால் நிறுத்துவதுதான். அதற்கு அவளிடம் கண் இருந்தது. அந்தப் பழுப்பைக் கடையில் கலந்து ஓர் அட்டையில் தீட்டிக் காயவைத்து, அடுப்புக்கு மேலே ஆணியில் மாட்டினாள். வெங்காயத்தைச் சின்னத் தீயில் போட்டு, கண்ணை எடுக்காமல் கிளறி, அட்டையின் நிறம் வந்த அந்த நொடியில் இறக்கினாள். ஆப்பிள், கேரட், பேரீச்சை, கெச்சப், சோயா, வினிகர், சர்க்கரை, இரண்டு கிராம்பு. கொதித்துச் சுண்டி, அரைத்து, வடிகட்டி, ஆறி, ஓர் இரவு உறங்கியது.

சனிக்கிழமை காலை இரண்டு கிண்ணங்களை நாத்தனார் முன்னால் வைத்து, “எது பாட்டில்?” என்றாள். நாத்தனார் இரண்டு முறை தொட்டுச் சாப்பிட்டாள். மூன்றாவது முறையும் சாப்பிட்டாள். கடைசியில், “இதான் பாட்டில். இதுதான் நல்லா இருக்கு,” என்று ஒன்றைத் தள்ளினாள். அது அக்காவுடையது. கப்பல்காரர் மனைவியையே பார்த்துக்கொண்டு நின்றார்.

ஞாயிறு மத்தியானம் பல் டாக்டர், பேராசிரியை, இன்னும் ஆறு டாக்டர்கள் என்று முன்னறை நிறைந்துவிட்டது. பேராசிரியை ஒல்லியான, நரைத்த முடியை ஒட்ட வெட்டிய அம்மா. ஒரு துண்டு கட்லெட்டை சாஸில் தொட்டு வாயில் வைத்தார். மென்றார். முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. இன்னொரு துண்டு. பிறகு கிண்ணத்தை எடுத்து, மிச்ச சாஸை முட்டைக்கோஸ் மேல் ஒரு சொட்டு விடாமல் கவிழ்த்துக்கொண்டார். காலிக் கிண்ணத்தைக் கப்பல்காரரிடம் நீட்டினார். பார்த்துக்கொண்டிருந்த அக்காவுக்கு, உள்ளறைத் திரைக்குப் பின்னால், நெஞ்சு விம்மியது.

இரண்டாவது கிண்ணமும் காலியானது. பேராசிரியை ஏதோ சொன்னார். டாக்டர் மொழிபெயர்த்தார்.

“பாட்டில் இல்லைன்னு முதல் வாயிலேயே தெரிஞ்சிடுச்சாம். பாட்டில்ல இந்த வெங்காயம் இவ்வளவு துல்லியமா இருக்காதாம். எவ்வளவு நேரம் வதக்குறீங்கன்னு கேக்குறாங்க.”

எல்லோரும் கப்பல்காரரைப் பார்த்தார்கள். அவர் திரைப்பக்கம் திரும்பினார். திரையை விலக்கி அக்கா நாலு விரலைக் காட்டினாள், பிறகு கையைக் குவித்துக் காட்டினாள்: நாற்பது. போகட்டும், பெயர் அவருக்கே இருக்கட்டும், தலை தப்பினால் போதும் என்றுதான் அவள் நினைத்தாள். பதில் கிடைத்துவிட்டது. அந்த ஒரு வார்த்தையைச் சொல்லியிருந்தால் கப்பல்காரர் ஆயுசுக்கும் தப்பித்திருப்பார்.

“எனக்குத் தெரியாதுங்க, டாக்டர்,” என்றார். “செஞ்சது நான் இல்ல. மூணு வருஷமா நான் உங்ககிட்டச் சொன்னது பொய். அதெல்லாம் பாட்டில்தான். பாட்டில் தீந்து போச்சு. நான் ஏழு தடவை செஞ்சு தோத்துட்டேன். இன்னைக்கு நீங்க சாப்பிட்டதுதான் இந்த வீட்டுல கையால செஞ்ச முதல் சாஸு. செஞ்சது என் சம்சாரம்.”

திரையை முழுசாக விலக்கி அக்காவைக் கையைப் பிடித்து வெளியே கூட்டிக்கொண்டு வந்தார். அவள் நகத்தில் நேற்றைய பச்சைப் பெயின்ட் அப்படியே இருந்தது. பல் டாக்டர் ஒரு கணம் முகம் சுருங்கிப் பிறகு தலையில் அடித்துக்கொண்டு சிரித்துவிட்டார்.

“சொல்லுங்கக்கா, எவ்வளவு நேரம்?”

“நாப்பது நிமிஷம் ஆகும். ஆனா நேரம் பாத்தா தப்பாயிடும் டாக்டர். ஒவ்வொரு வெங்காயத்துலயும் தண்ணி வேற வேற. நிறம்தான் பாக்கணும்.” உள்ளே போய் ஆணியிலிருந்து அட்டையைக் கழற்றி வந்து நீட்டினாள். “இந்த நிறம் வந்ததும் இறக்கிடணும். இத விட ஒரு நூல் கூடுனாலும் போச்சு.”

பேராசிரியை அட்டையை ஜன்னல் வெளிச்சத்துக்குக் கொண்டு போனார். அக்கா எப்படிப் பார்ப்பாளோ அப்படியே சாய்த்துச் சாய்த்துப் பார்த்தார். பிறகு திரும்பி வந்து, அக்காவுக்கு எதிரே இடுப்பு வளையக் குனிந்து வணங்கினார். அக்காவுக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை, அவளும் குனிந்தாள். நிமிர்ந்தபோது, அந்த அட்டையைத் தான் எடுத்துக்கொள்ளலாமா என்று அந்த அம்மா கேட்டார். கேட்டு வாங்கிக் கைப்பையில் பத்திரமாக வைத்துக்கொண்டார்.

திங்கட்கிழமை காலை, வேலைக்குக் கிளம்பும் முன் அக்கா நீள நோட்டை எடுத்து நாலாயிரத்துப் பதினெட்டு என்று எண் போட்டாள். அடி: ஆப்பிள், கேரட், வெங்காயம். ஒவ்வொன்றும் எத்தனை கரண்டி, எத்தனை சொட்டு என்று எழுதினாள். ‘எந்த இடத்துக்கு’ என்ற கட்டத்தில் வழக்கமாக ‘முன்சுவர்’, ‘கதவு’ என்றெல்லாம் எழுதுகிறவள், ‘கட்லெட்’ என்று எழுதிவிட்டுத் தானே சிரித்துக்கொண்டாள்.

சமையலறையிலிருந்து நாத்தனாரின் அவசரக் குரல் கேட்டது.

“அண்ணி! வெங்காயத்த அடுப்புல போட்டுட்டேன். சீக்கிரம் வாங்க, எனக்கு நிறம் தெரியல!”